போலந்துக் கடற்படைத் தளபதி மியேஷ்கோவ்ஸ்கி

சொந்த ஊரைவிட்டுத் தொலைவில் வாழும் நம் அனைவருக்கும் பழக்கமான எண்ணம் ஒன்று உண்டு. பிழைப்பு நம்மைத் தில்லிக்கோ மும்பைக்கோ கொல்கத்தாவுக்கோ கொண்டுவந்து சேர்த்திருக்கலாம். எங்கே வாழ்ந்தாலும், கடைசியில் நம் சாம்பலாவது நம் ஊர் ஆற்றில் கரைய வேண்டும் என்று வீட்டுப் பெரியவர்கள் சொல்ல நாம் கேட்டிருக்கிறோம். இந்த ஆசை தமிழருக்கு மட்டும் உரியதன்று. ஊர்விட்டு ஊர் சென்றவர் எவர்க்கும் உரியது.

ஐரோப்பாவில், போலந்து நாட்டுக் கடற்படைக்குத் தலைமை தாங்கிய முதியவர் ஒருவர் 1973-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் பிரான்சு நாட்டு முதியோர் இல்லம் ஒன்றில் தம் 88-ஆம் வயதில் உயிர் நீத்தார். அவர் பெயர் யூசெப் ஊன்ருக். தாய்நாட்டு மண்ணில் அடங்க வேண்டும் என்ற ஆசை அவருக்கும் இருந்தது. ஆனால் அந்த ஆசைக்கு அவரே ஒரு தடையை விதித்துவிட்டு மறைந்தார். அத்தடை நீங்க 45 ஆண்டுகள் ஆயின. அது என்ன தடை என்பதை அறிய, அவருக்குக் கீழ்ப் பணியாற்றிய இன்னொரு தளபதியின் வாழ்க்கையை நாம் தெரிந்துகொள்ள வேண்டும். அந்தத் தளபதியின் பெயர் ஸ்டானிஸ்லாவ் மியேஷ்கோவ்ஸ்கி. பெயர் நம் நாவுக்குச் சற்றுக் கடினமானதுதான். ஆயினும் நினைவில் வைத்துக்கொள்ளத் தக்க பெயர்.

போலந்து நாடு பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் மூன்று அண்டைப் பேரரசுகளால் பங்கிடப்பட்டு, வரைபடத்திலிருந்தே மறைந்து போயிற்று. 1918-இல் மீண்டும் விடுதலை பெற்றபோது, பால்டிக் கடலோரத்தில் அதற்குக் கிடைத்தது மிகச் சிறிய கரைப்பகுதியே. கரை சிறிதாயினும், கடல்மேல் அந்நாட்டு மக்கள் கொண்ட பற்று பெரிதாயிருந்தது. மீனவர் குப்பமாக இருந்த கிடீனியாவைச் சில ஆண்டுகளுக்குள் பெருந்துறைமுகமாக்கினார்கள். கடற்படை ஒன்றையும் கண்டார்கள்.

அந்தப் படைக்கு உருவம் கொடுத்தவர்களுள் முதன்மையானவர் ஊன்ருக். ஜெர்மன் பேரரசின் கடற்படையில் நீர்மூழ்கிக் கப்பல்களைச் செலுத்திப் பயிற்சி பெற்றவர் அவர். 1919-இல் போலந்துக்கு வந்து சேர்ந்து, 1925 முதல் அதன் கப்பற்படைத் தலைவராக விளங்கினார். இளம் அதிகாரிகள் பலர் அவர் நிழலில் வளர்ந்தார்கள். 1903-ஆம் ஆண்டு பியோத்ர்கூவ் நகரில் பிறந்து, தோருன் நகரக் கடற்படை அதிகாரிகள் பள்ளியில் தேறி வந்த மியேஷ்கோவ்ஸ்கி அவர்களுள் ஒருவர்.

1939 செப்டம்பர் முதல் நாள் ஜெர்மனி போலந்தின்மீது படையெடுத்தது. போலந்திடம் இருந்த நான்கு நாசகாரிக் கப்பல்களில் மூன்று, போர் தொடங்குவதற்கு இரண்டு நாள் முன்னரே பிரிட்டனை நோக்கி அனுப்பப்பட்டிருந்தன. எஞ்சியிருந்தவை சில கப்பல்களும், ஹெல் என்னும் தீபகற்பமும் மட்டுமே. ஹெல் என்பது கடலுக்குள் ஏறத்தாழ 35 கிலோமீட்டர் தூரம் நீண்டு கிடக்கும் ஒரு மணல் திட்டு. சில இடங்களில் இக்கரையில் நின்று கல்லெறிந்தால் அக்கரைக்கு அருகில் விழும், அத்தனை குறுகலானது. மூவாயிரத்துக்கும் குறைவான வீரர்கள் அதைக் காத்து நின்றார்கள்.

மியேஷ்கோவ்ஸ்கி அப்போது 'ஜெனரல் ஹாலர்' என்னும் பீரங்கிப் படகின் தலைவர். செப்டம்பர் முதல் வாரத்திலேயே பகைவரின் விமானத் தாக்குதலுக்கு அந்தக் கலம் இரையாயிற்று. கலம் போனால் என்ன, நிலம் இருக்கிறது என்று மாலுமிகள் ஹெல் மணலில் நின்று போரைத் தொடர்ந்தார்கள். அதே ஹெல் முனையில் நான்கு பெரும் பீரங்கிகள் கொண்ட அணியொன்றை நடத்தியவர் ஸ்பிக்னியெவ் பிஷிபிஷெவ்ஸ்கி என்னும் இளம் அதிகாரி. ஜெர்மன் போர்க்கப்பல்கள் பலமுறை குண்டு பொழிந்தும் அவருடைய பீரங்கிகள் ஓயவில்லை. செப்டம்பர் 25 அன்று நடந்த மோதலில் அவரே காயமுற்றார். காயம் முழுவதும் ஆறுமுன்பே பணிக்குத் திரும்பினார்.

தலைநகரான வார்சா செப்டம்பர் இறுதியில் வீழ்ந்தது. ஹெல் அப்போதும் வீழவில்லை. உணவும் வெடிமருந்தும் குறைந்து, உதவிக்கு வருவோர் எவரும் இல்லை என்பது உறுதியான பிறகே, அக்டோபர் 2 அன்று ஊன்ருக் தம் வீரர்களின் உயிரைக் கருதிச் சரணடைந்தார். 32 நாட்கள் அந்த மணல் திட்டு நின்றிருந்தது. சிறைப்பட்ட ஊன்ருக், தம் தாய்மொழிபோலவே அறிந்திருந்த ஜெர்மன் மொழியில் பகைவரோடு பேச மறுத்தார் என்றும், செப்டம்பர் முதல் நாளோடு அந்த மொழி தமக்கு மறந்துவிட்டதாகக் கூறி, மொழிபெயர்ப்பாளர் வழியாகவே பேசினார் என்றும் அந்நாட்டார் இன்றும் பெருமையோடு சொல்வார்கள். மியேஷ்கோவ்ஸ்கியும் பிஷிபிஷெவ்ஸ்கியும் ஐந்தாண்டுகளுக்கு மேல் போர்க்கைதி முகாம்களில் கழித்தார்கள்.

1945-இல் முகாம்களின் கதவுகள் திறந்தன. அவர்கள் கண்ட போலந்து, அவர்கள் விட்டுச் சென்ற போலந்து அன்று. நாட்டின் எல்லைகள் மேற்கு நோக்கி நகர்ந்திருந்தன. சோவியத்துப் படைகள் நாட்டில் நிலைகொண்டிருந்தன. பொதுவுடைமைக் கட்சியார் ஆட்சியைத் தம் வசப்படுத்திக்கொண்டிருந்தார்கள். போலந்து அதிகாரிகள் முன் இரண்டு வழிகள் இருந்தன. மேற்கு நாடுகளிலேயே தங்கிவிடுவது ஒன்று. தாய்நாட்டுக்குத் திரும்பி, ஆட்சி எதுவாயினும் பணியாற்றுவது மற்றொன்று. ஊன்ருக் முதல் வழியைத் தேர்ந்தார். அறுபது வயதைக் கடந்த நிலையில், மொராக்கோவிலும் பிரான்சிலும் எளிய பணிகளைச் செய்து வாழ்ந்தார்.

மியேஷ்கோவ்ஸ்கி இரண்டாம் வழியைத் தேர்ந்தார். அவர் முதலில் ஏற்ற பணி படைப்பணிகூட அன்று. போரில் பெரும்பகுதி இடிந்து கிடந்த கொலோப்ஷெக் நகரில் துறைமுகத் தலைவர் பணி. புதிய எல்லைகளின்படி போலந்துக்கு இப்போது ஏறத்தாழ 500 கிலோமீட்டர் கடற்கரை கிடைத்திருந்தது. முன்னொரு காலத்தில் ஒரு துண்டுக் கரைக்காக ஏங்கிய நாட்டுக்கு இது பெருஞ்செல்வம் அல்லவா? இடிபாடுகளை அகற்றித் துறைமுகத்தை எழுப்ப, கடலறிந்தவர்கள் வேண்டியிருந்தார்கள். ஆட்சியின் கொள்கை எதுவாயினும், கடற்கரை நாட்டு மக்களுடையது என்று மியேஷ்கோவ்ஸ்கி போன்றவர்கள் எண்ணியிருக்க வேண்டும்.

1946-இல் அவர் கடற்படைக்குள் மீண்டும் அழைக்கப்பட்டார். அப்போதிருந்த கடற்படையின் நிலையை நாம் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். போர்க்காலம் முழுவதும் சுவீடனில் தடுத்து வைக்கப்பட்டிருந்த மூன்று நீர்மூழ்கிக் கப்பல்கள் 1945 இறுதியில் திரும்பி வந்தன. 1946-இல் சோவியத்து அரசு 23 சிறு கலங்களை வழங்கியது. பிரிட்டனில் இருந்து போரிட்ட 'பிவிஸ்காவிட்சா' என்ற நாசகாரிக் கப்பல் 1947-இல் தாயகம் சேர்ந்தது. கலங்கள் இருந்தன; அவற்றைச் செலுத்தத் தேர்ந்த அதிகாரிகள் இல்லை. போருக்கு முற்பட்ட படையில் பயின்றவர்களைவிட்டால் வேறு ஆள் கிடையாது. ஆகவே புதிய ஆட்சி பழைய அதிகாரிகளை அழைத்தது. அவர்களும் வந்தார்கள். ஹெல் முற்றுகையில் முன்னின்ற விளாட்சிமியெஷ் ஸ்டேயர் கடற்படைத் தலைவரானார். மியேஷ்கோவ்ஸ்கி கடற்படை அதிகாரிகள் பள்ளிக்குத் தலைமை ஏற்று, புதிய தலைமுறையைப் பயிற்றுவித்தார். 1949-இன் இறுதியில் கப்பற்படைத் தளபதியாக உயர்ந்தார். அதாவது, கடற்படைத் தலைவருக்கு அடுத்து, போர்க்கப்பல்கள் அனைத்தும் அவர் ஆணையின்கீழ் வந்தன.

வெளிப்பார்வைக்கு இது ஒரு வெற்றி வாழ்க்கை. ஆனால் அதே நவம்பர்த் திங்களில் நாட்டின் மேல்மட்டத்தில் வேறொரு மாற்றம் நிகழ்ந்தது. சோவியத்துப் படைத்தலைவர் மார்ஷல் ரொக்கொசோவ்ஸ்கி போலந்தின் பாதுகாப்பு அமைச்சராக அமர்த்தப்பட்டார். மேற்கு நாடுகளுக்கும் சோவியத்து அணிக்கும் இடையே பகை முற்றிய காலம் அது. பழைய படையிலிருந்து வந்தவர், மேற்கு நாடுகளில் தோழர்களை உடையவர், கட்சியின் வார்ப்பில் அமையாதவர் ஆகிய எல்லார்மீதும் ஐயம் படர்ந்தது. 1950-இல் ஸ்டேயர் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். அவருடைய இடத்தில் செரோக்கோவ் என்ற சோவியத்துக் கடற்படைத் தலைவர் அமர்ந்தார்.

இங்கே நாம் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பழைய அதிகாரிகள் தேவைப்பட்ட காலம் ஒன்று இருந்தது. அவர்களே பயிற்றுவித்த இளைஞர்கள் படையில் நிரம்பத் தொடங்கியபோது அந்தத் தேவை முடிந்தது. ஏணி வைத்து ஏறியவர்கள் ஏணியை எட்டி உதைத்தார்கள் என்று நம் ஊர்ப்புறத்தில் சொல்வார்களே, அதுதான் நடந்தது. 1950 அக்டோபரில் மியேஷ்கோவ்ஸ்கி கைது செய்யப்பட்டார். கப்பற்படைத் தளபதிப் பதவியில் அவர் இருந்தது ஓராண்டுகூட நிறையவில்லை. பிஷிபிஷெவ்ஸ்கியும் கைதானார். யெஜி ஸ்டானியேவிச் என்ற மற்றோர் உயர் அதிகாரியும் பின்னர்ச் சிறைப்பட்டார்.

கைது செய்தது படைத்துறையின் 'தகவல் பிரிவு' என்ற அமைப்பு. தகவல் என்பது பெயரளவில்தான். உண்மையில் அது படைக்குள் இருந்த வேவுத்துறை. அதன் முறைகள் யாவை என்பதைப் பிற்காலத்தில் அந்நாட்டவரே நடத்திய விசாரணைகள் வெளிக்கொணர்ந்தன. நாட்கணக்கில் உறங்கவிடாமல் கேள்வி கேட்பது, இடைவிடாது நிற்க வைப்பது, அடிப்பது, குடும்பத்தின்மேல் ஆணையிட்டு அச்சுறுத்துவது. இப்படியெல்லாம் வாக்குமூலம் பெறப்பட்டது. முதலில் ஒருவரிடம் ஒரு பெயர் பிடுங்கப்படும். அந்தப் பெயருக்குரியவர் அடுத்துக் கைதாவார். அவரிடமிருந்து முதலாமவருக்கு எதிரான சான்று பிடுங்கப்படும். இப்படிக் காற்றிலே முடிச்சுப் போட்டு ஒரு சதியைப் பின்னினார்கள்.

சுமத்தப்பட்ட குற்றம், மேற்கு நாடுகளுக்காக வேவு பார்த்தார்கள், ஆட்சியைக் கவிழ்க்கக் கடற்படைக்குள் சதி செய்தார்கள் என்பது. மியேஷ்கோவ்ஸ்கி உட்பட ஏழு அதிகாரிகள் உச்ச படைத்துறை நீதிமன்றத்தின் முன் நிறுத்தப்பட்டார்கள். வழக்கு மூடிய கதவுகளுக்குள் நடந்தது. போலந்துக் கடற்படையில் 'கொமாந்தோர்' என்பது அட்மிரல் தகுதிக்கு அடுத்துள்ள பதவி. ஆகவே அந்த நாட்டு வரலாற்றில் இது 'கொமாந்தோர்கள் வழக்கு' எனப் பெயர் பெற்றது.

1952 ஜூலை 21 அன்று தீர்ப்பு வந்தது. ஐவருக்கு மரண தண்டனை. இருவருக்கு ஆயுள் தண்டனை. மறுநாள் ஜூலை 22. அன்றுதான் போலந்து மக்கள் குடியரசின் புதிய அரசியல் சட்டம் நிறைவேற்றப்பட்டது. குடிமகன் ஒருவனின் உடலுக்கும் உரிமைக்கும் காப்பளிப்பதாக அந்தச் சட்டம் உறுதி கூறியது. அந்த உறுதிமொழி எழுதப்பட்டபோது, வார்சா சிறையில் ஐவர் தங்கள் முடிவை எதிர்நோக்கியிருந்தனர். ஏட்டிலே எழுதிய உரிமைக்கும் நாட்டிலே நிலவும் நீதிக்கும் உள்ள தொலைவை அளந்து காட்ட, இந்த இரண்டு நாட்களே போதும்.

கருணை காட்டும் அதிகாரம் நாட்டுத் தலைவர் பியேருட்டிடம் இருந்தது. மரண தண்டனை பெற்ற ஐவருள் இருவருக்கு அவர் ஆயுள் தண்டனையாகக் குறைத்தார். மியேஷ்கோவ்ஸ்கி, பிஷிபிஷெவ்ஸ்கி, ஸ்டானியேவிச் ஆகிய மூவருக்கும் கருணை மறுக்கப்பட்டது. 1952 டிசம்பர் 12 அன்று ஸ்டானியேவிச் கொல்லப்பட்டார். டிசம்பர் 16 அன்று, வார்சா நகர் ரக்கோவியெட்ஸ்கா தெருச் சிறையில், மியேஷ்கோவ்ஸ்கியும் பிஷிபிஷெவ்ஸ்கியும் கொல்லப்பட்டார்கள். ஜெர்மன் போர்க்கப்பல்களின் குண்டுகளுக்குத் தப்பிய ஹெல் வீரர்கள், தங்கள் நாட்டுச் சிறையிலே, தங்கள் நாட்டுத் தோட்டாவுக்குப் பலியானார்கள். மியேஷ்கோவ்ஸ்கிக்கு அப்போது வயது 49.

மூன்று மாதம் முழுமையாகக் கழியுமுன், 1953 மார்ச் 5 அன்று, மாஸ்கோவில் ஸ்டாலின் மறைந்தார். காலத்தின் போக்கு மெல்ல மாறிற்று. 1956 ஏப்ரல் 24 அன்று தீர்ப்பு நீக்கப்பட்டு, அந்த அதிகாரிகள் குற்றமற்றவர்கள் என்று அறிவிக்கப்பட்டது. ஆயுள் தண்டனை பெற்றவர்கள் அதே காலத்தை ஒட்டிச் சிறையிலிருந்து வெளிவந்தார்கள். மூன்றரை ஆண்டு கூடுதலாக உயிரோடு விடப்பட்டிருந்தால் மியேஷ்கோவ்ஸ்கியும் வீடு திரும்பியிருப்பார்.

குற்றமற்றவர் என்று தாளில் எழுதிக் கொடுத்த அரசு, உடல் எங்கே இருக்கிறது என்பதை மட்டும் சொல்லவில்லை. தூக்கிலிடப்பட்டோர், சுடப்பட்டோர் உடல்களைக் குடும்பத்தாரிடம் ஒப்படைப்பது அக்காலத்து வழக்கம் அன்று. இரவோடு இரவாகப் பெயரற்ற குழிகளில் புதைத்துவிடுவார்கள். வார்சாவின் பொவோன்ஸ்கி படைவீரர் இடுகாட்டின் ஓரத்தில் அப்படிப்பட்ட ஒரு நிலம் இருந்தது. 'சிறு புல்வெளி' என்று பொருள்படும் ஒரு பெயரால் அதை மக்கள் குறிப்பிட்டார்கள். ஏறத்தாழ 300 பேர் அங்கே புதைக்கப்பட்டிருக்கலாம் என்று மதிப்பிடுகிறார்கள். 1980-களில் அந்த இடத்தின் ஒரு பகுதிமேல் வேறு கல்லறைகளும் எழுந்துவிட்டன. ஆண்டுதோறும் விளக்கேற்றி வணங்க ஒரு கல்கூட இல்லாமல் குடும்பங்கள் காத்திருந்தன. திதி கொடுக்க நாளும் இடமும் தெரியாத வீட்டின் துயரம் எத்தகையது என்பதை நாம் விரித்துரைக்கத் தேவையில்லை.

இப்போது ஊன்ருக்கிடம் திரும்புவோம். தாம் பயிற்றுவித்த அதிகாரிகளுக்கு நேர்ந்த கதியை அந்த முதியவர் அயல்நாட்டிலிருந்து அறிந்தார். அவர் விட்டுச்சென்ற விருப்பம் இதுதான்: கொலையுண்ட தம் அதிகாரிகளின் உடல்கள் கண்டெடுக்கப்பட்டு, உரிய மரியாதையோடு அடக்கம் செய்யப்படும்வரை, தம் உடலைப் போலந்துக்குக் கொண்டுபோகலாகாது. தலைவன் என்பவன் தன் ஆட்கள் எல்லாரும் கரையேறிய பிறகே கப்பலைவிட்டு இறங்க வேண்டும் என்பது கடலோடிகளின் பழைய நெறி. அந்த நெறியை ஊன்ருக் இறப்புக்குப் பின்னும் விடவில்லை. பிரான்சில் மோந்திரெசோர் என்னும் சிற்றூர் இடுகாட்டில் அவர் உடல் காத்திருந்தது.

1989-இல் போலந்தில் பொதுவுடைமைக் கட்சியின் தனியாட்சி முடிவுற்றது. ஆயினும் 2012-ஆம் ஆண்டில்தான் பொவோன்ஸ்கி நிலத்தை முறையாக அகழ்ந்து பார்க்கும் பணி தொடங்கியது. எடுத்த எலும்புகளை உறவினரின் மரபணுக்களோடு ஒப்பிட்டு, ஒவ்வொருவராக அடையாளம் கண்டார்கள். மியேஷ்கோவ்ஸ்கி, ஸ்டானியேவிச், பிஷிபிஷெவ்ஸ்கி ஆகிய மூவரும் இவ்வாறு கண்டெடுக்கப்பட்டார்கள். 2017 டிசம்பர் 16 அன்று, அதாவது மியேஷ்கோவ்ஸ்கி கொல்லப்பட்டு 65 ஆண்டுகள் நிறைந்த அதே நாளில், கிடீனியாவின் ஒக்சீவியே பகுதியில் உள்ள கடற்படை இடுகாட்டில் மூவரும் அரசு மரியாதையோடு அடக்கம் செய்யப்பட்டார்கள்.

ஊன்ருக்கின் நிபந்தனை நிறைவேறியது. 2018-இல் அவருடைய உடலும் அவர் துணைவியார் உடலும் பிரான்சின் பிரெஸ்ட் துறைமுகத்திலிருந்து போலந்துப் போர்க்கப்பல் ஒன்றில் ஏற்றப்பட்டுக் கிடீனியா வந்து சேர்ந்தன. அக்டோபர் 2 அன்று ஒக்சீவியேயில் அடக்கம் நடந்தது. ஹெல் வீழ்ந்து 79 ஆண்டுகள் நிறைந்த நாள் அது. தலைவர் கடைசியாகக் கரையேறினார்.

இந்த வரலாற்றைப் படிப்போர் ஒரு கேள்வியை எழுப்பக்கூடும். மியேஷ்கோவ்ஸ்கி நாடு திரும்பாமல் இருந்திருந்தால் உயிர் பிழைத்திருப்பாரே, திரும்பியது பேதைமை அல்லவா என்று கேட்கலாம். ஊன்ருக்கைப் போல வெளியிலேயே இருந்தவர்களைப் பார்த்து, நாட்டுக்கு என்ன செய்தார்கள் என்று கேட்பவர்களும் இருக்கலாம். இந்த இரண்டு கேள்விகளும் நமக்குப் புதியவை அல்ல. ஊரிலேயே இருந்துவிட்டவரும் ஊரைவிட்டு வந்தவரும் நம் குடும்பங்களுக்குள்ளேயே ஒருவரை ஒருவர் பார்த்து இப்படிக் கேட்டுக்கொள்வதை நாம் கண்டிருக்கிறோம்.

ஆனால் ஊன்ருக் அப்படிக் கேட்கவில்லை என்பதை நாம் எண்ணிப் பார்க்க வேண்டும். தாம் ஏற்க மறுத்த ஆட்சியின்கீழ்ப் பணியாற்றப் போனவர்கள் என்று அவர் தம் அதிகாரிகளைத் தள்ளிவிடவில்லை. அவர்களைத் தம்மவராகவே கருதினார். அவர்களுக்குக் கிடைக்காத மண் தமக்கும் வேண்டாம் என்றார். ஆட்சி வேறு, நாடு வேறு என்பதை இருவரும் அறிந்திருந்தார்கள். ஒருவர் அந்த ஆட்சியைப் பொறுத்துக்கொண்டு நாட்டுக்கு உழைத்தார். மற்றவர் அந்த ஆட்சியை விலக்கி, நாட்டை நெஞ்சில் வைத்து வாழ்ந்தார். முன்னவருக்குக் கிடைத்தது பெயரற்ற குழி. பின்னவருக்குக் கிடைத்தது அந்நியக் கல்லறை. இரண்டிலிருந்தும் அவர்களை மீட்டு ஒரே இடுகாட்டில் சேர்த்தது, தம்மவரை மறவாத ஒரு முதியவரின் பிடிவாதமும், தோண்டிப் பார்க்கத் துணிந்த ஒரு தலைமுறையின் உழைப்பும்.

இன்று கிடீனியாவுக்குச் செல்பவர் ஒக்சீவியே இடுகாட்டில் அந்த நால்வரின் பெயர்களையும் காணலாம். ஹெல் தீபகற்பம் அங்கிருந்து வளைகுடாவுக்கு அப்பால் இருக்கிறது. ஒரு காலத்தில் 32 நாட்கள் வீழாமல் நின்ற மணல் அது.